கவிழ்த்து வைத்த கோப்பை

துப்பறியும் தொடர் ஒன்றில் எனக்குக் கன்டினியூட்டி வேலை. முதல் ஷாட்டில் கதாநாயகன் எத்தனை பொத்தான் போட்டிருந்தார், மேஜையில் பேனா எந்தப் பக்கம் பார்த்துக் கிடந்தது என்றெல்லாம் போட்டோ எடுத்து வைத்து, அடுத்த ஷாட்டிலும் அப்படியே இருக்கிறதா என்று பார்ப்பவள் நான். செட்டில் எல்லோருக்கும் நான் போட்டோ அக்கா. நான் சரிபார்க்கும்வரை எந்தப் பொருளையும் யாரும் தொடக்கூடாது. தொட்டால் என் வாய் சும்மா இருக்காது.

அந்த வாய்க்குப் பயந்து வளர்ந்தவள் என் மகள். இரண்டு வருடம் முன்பு அவள் அப்பா ஆஸ்பத்திரியில் உயிரை விட்டபோது, நான் முப்பத்தோராவது எபிசோடில் தரையிலிருந்த ரத்தக்கறையை அளந்துகொண்டிருந்தேன். அந்த வாரமே வீட்டைவிட்டுப் போனவள்தான். பேச்சில்லை, நான் கூப்பிட்டால் எடுப்பதில்லை. ஆனால் சாத்தினாலே பூட்டிக்கொள்ளும் எங்கள் வாசல் கதவின் சாவி ஒன்றைக் கையோடு கொண்டுபோயிருந்தாள். அது அவளிடம் இருக்கிறது என்ற தெம்பில்தான் நான் காலத்தை ஓட்டிக்கொண்டிருந்தேன்.

போன புதன்கிழமை வேலை முடிந்து வந்தால், சாப்பாட்டு மேஜையின் நடுவில் நீலக் கோப்பை கவிழ்ந்திருந்தது. காலையில் அது அலமாரியில் இருந்தது. இப்போது அதன் கைப்பிடி இடப்பக்கம் திரும்பியிருந்தது. எங்கள் வீட்டில் இடக்கைக்காரி ஒருத்திதான்.

வந்திருக்கிறாள்! காபி போட்டுக் குடித்து, கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போயிருக்கிறாள். எனக்குத் தலைகால் புரியவில்லை. நான்கு பக்கமும் நின்று போட்டோ எடுத்தேன். பிறகு அதைத் தொடவேயில்லை. அவள் வைத்தது வைத்தபடி இருக்கட்டும், மறுபடியும் வருவாள் என்று மேஜையின் ஓரத்தில் தட்டை வைத்துச் சாப்பிட்டேன். எதிரில் ஓர் ஆள் இருப்பதுபோல் இருந்தது. தனியாகச் சாப்பிட்டுச் சாப்பிட்டு நாக்கே செத்துப்போயிருந்தவளுக்கு, அதுவே போதுமானதாக இருந்தது.

திங்கட்கிழமை நூற்று நாற்பதாவது எபிசோட். கொலை நடந்த அறையில் துப்பறிவாளர் பூச்சாடியைத் தூக்கி, அடியிலிருக்கும் சீட்டை எடுக்க வேண்டும். அந்த வேடம் போடுகிறவரை நாங்கள் துப்பு சார் என்போம். மூன்றாவது டேக்கிலும் மனுஷன் பூச்சாடியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, தூக்க மறந்து வசனத்துக்குப் போய்விட்டார்.

"சார், சுத்திச் சுத்திப் பாத்தா போதுமா? தூக்கிப் பாக்க வேணாமா? நீங்கல்லாம் என்ன துப்பு சார்!" என்றேன்.

செட்டே சிரித்தது. அவரும் சிரித்தார். "நீங்க மட்டும் நடிச்சிருந்தா மொத எபிசோட்லயே கேஸ் முடிஞ்சிருக்கும்க்கா."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. குடித்த கோப்பையைக் கழுவி, சாப்பாட்டு மேஜையின் நடுவிலா ஒருத்தி கவிழ்ப்பாள்? பையை எடுத்துக்கொண்டு பாதியிலேயே கிளம்பினேன். என் கணவர் செத்த அன்றுகூட நான் அப்படிக் கிளம்பியதில்லை.

கோப்பையைத் தூக்கினேன். அடியில் சாவி இருந்தது. அதன்கீழ் மடித்த காகிதம்.

"அம்மா, எனக்கு வெளிநாட்ல வேலை கெடச்சிருக்கு. ஞாயித்துக்கிழம காலைல கெளம்புறேன். சனிக்கிழம பூரா ரூம்லதான் இருப்பேன், அட்ரஸ் பின்னாடி இருக்கு. நீ வந்தா பழசு எதையும் பேசமாட்டேன். வரலேன்னா சாவிய நீயே வச்சுக்க. வீட்ல ஒரு கரண்டி நகந்தாலும் உனக்குத் தெரியும். அதனால போன் பண்ணல."

சனிக்கிழமை எனக்கு விடுமுறை. நாள் முழுக்க இந்தக் கோப்பையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

போன் போட்டேன். அந்த எண் உபயோகத்தில் இல்லை என்றது. முகவரிக்கு ஓடினேன், நடந்தாலே இருபது நிமிடம்தான். அறைக்கு வெள்ளையடித்துக்கொண்டிருந்தார்கள்.

திரும்பி வந்து, காகிதத்தை மடித்து அதன்மேல் சாவியை வைத்துக் கோப்பையைக் கவிழ்த்தேன். போட்டோவைப் பார்த்துப் பார்த்துக் கைப்பிடியை இடப்பக்கம் திருப்பினேன். இம்மியும் பிசகவில்லை. என் வேலையில் யாரும் குறை சொல்ல முடியாது. அதற்குப் பிறகுதான் வாய்விட்டு அழுதேன்.