டெர்ஹோர்ஸ்ட் கூடத்தில் பெண்கள் சுற்று

பாட்டுக்காரன் இல்லாத இசைக்குழுவை டெர்ஹோர்ஸ்டுக்குப் பிடிக்காது. ஹெர்னே என்ற நிலக்கரிச் சுரங்க நகரில் எங்கள் பக்கத்து நடனக்கூடம் அவருடையது. எங்கள் 'சுரங்க விளக்குகள்' குழுவிலோ மூன்று கிட்டார்கள், என்னுடைய டிரம்ஸ், அவ்வளவுதான். வாய் திறந்து பாட ஆள் கிடையாது.

"பாட்டு இல்லாம எவன் தம்பி ஆடுவான்?" என்றார். "முதல் சுற்றுல ஆடுற தளம் காலியா கிடந்தா மூட்டையைக் கட்டிடுங்க. ஆடினாங்கன்னா குளிர்காலம் முழுக்க சனிக்கிழமை உங்களுக்குத்தான்."

"கிட்டாரே பாடும், பாருங்க," என்றான் லோத்தர். பகலில் என்னோடு நிலக்கரி வெட்டுகிறவன், மாலையில் எங்கள் முதல் கிட்டார். தலைக்கனம் உண்டு. அந்த விரல்களுக்கு அது தகும்.

சுற்றுக்கு மூன்று மெட்டுகள். முதலாவது முடிந்தது, ஒருவரும் எழவில்லை. ஆண்கள் பீர்க் கோப்பைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டார்கள். மேசைகளுக்கு அடியில் பெண்களின் கால்கள் மட்டும் தாளம் போட்டதை மேடையிலிருந்து பார்த்தேன். இரண்டாவதற்கும் அதே கதைதான். டெர்ஹோர்ஸ்ட் கதவோரம் நின்று, எங்கள் வாத்தியப் பெட்டிகளைக் காட்டிச் சிரித்தார்.

எனக்கு ரத்தம் கொதித்தது. ஆடத் துடிக்கிற கால்களைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இந்த ஆண்கள் மரக்கட்டைபோல உட்கார்ந்திருக்கிறார்களே! எட்டி மைக்கைப் பிடுங்கி, "அடுத்தது பெண்கள் சுற்று," என்றேன்.

பெண்கள் போய் ஆண்களை ஆட அழைக்கும் ஆட்டத்துக்கு அந்தப் பெயர். இரவில் ஒரே ஒரு தடவைதான், அதையும் கூடத்துக்காரர்தான் அறிவிக்க வேண்டும். அழைத்தவளை மறுத்தவன் அப்புறம் ஊரில் தலைகாட்ட முடியாது.

"உனக்கென்ன பைத்தியமாடா ஏவால்ட்?" என்று லோத்தர் என் பக்கம் திரும்பிச் சீறினான்.

"வாசிடா நீ."

ரொட்டிக்கடை ஹில்ட்ருட் முதலில் எழுந்தாள். சுரங்க மேற்பார்வையாளரையே கையைப் பிடித்து இழுத்துவந்தாள். அப்புறம் நாற்காலிகள் நகரும் சத்தம்தான். தளம் நிறைந்தது. லோத்தரின் கிட்டார் கெஞ்சியது, சிரித்தது, சண்டை போட்டது.

டெர்ஹோர்ஸ்ட் முகம் சிவக்க மேடையை நோக்கி வந்தார். "யாரைக் கேட்டுடா அறிவிச்சே?"

பாதி வழியில் அவர் மனைவி எல்ஃப்ரீடே, பீர் ஊற்றிய கையை ஏப்ரனில் துடைத்தபடி எதிரே நின்றாள். "வாங்க, ஆடலாம்."

"பீர் யாரு ஊத்துறது?"

"குடிக்கிறவன் எல்லாம் ஆடிட்டிருக்கான். என்ன, மாட்டேன்னு சொல்லப் போறீங்களா? ஊரே பார்க்குது."

அவரால் சொல்ல முடியுமா? அவளோடு ஆடப் போனார்.

மூன்றாவது மெட்டு முடிந்தது, எவரும் உட்காரவில்லை. நான்காவதற்குப் போனோம், ஐந்தாவதற்கும் போனோம். இப்போது ஆண்களே பெண்களின் கையை விட மறுத்தார்கள். அன்று பொங்கிய சந்தோஷத்தில் என் டிரம்ஸ் உடையாததே அதிசயம்.

டெர்ஹோர்ஸ்ட் வியர்த்து விறுவிறுத்து, மேடையோரம் சுழன்று வந்தார். மனைவியின் கையை இறுக்கிப் பிடித்திருந்தார்.

"வர்ற சனிக்கிழமை சீக்கிரமே வந்துடுங்கப்பா," என்றார் மூச்சிரைக்க. "பாட்டுக்காரன் எவனையும் மட்டும் கூட்டிட்டு வந்துடாதீங்க."