ஆறாவது ரீல்

ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் கையை விட்டு மகள் துழாவினாள். பால் பாக்கெட்டுகள், அவற்றுக்குப் பின்னால் இன்னும் பால் பாக்கெட்டுகள். தகர டப்பாவைக் காணோம்.

"அத்தை, இங்க ஒரு டப்பா இருந்துச்சே?"

அத்தை பெரிய பாத்திரத்தில் டீ கொதிக்கவிட்டுக்கொண்டிருந்தாள். அண்ணனுக்காக அழுது அழுது மூக்கு சிவந்திருந்தது; கரண்டி மட்டும் ஓயவில்லை.

"வட்டமா, துருப்பிடிச்சதா? அதுக்கெல்லாம் எதுக்குடி ஃப்ரிட்ஜு? வர்றவங்களுக்கு டீ போட வேணாமா? பால் வைக்க இடமில்லன்னு எடுத்துட்டேன்."

"எங்க வச்சீங்க?"

"இங்கதான், அடுப்புப் பக்கத்துல. சூடு பட்டதும் ஒரு நாத்தம் பாரு, நனைஞ்ச செருப்பு மாதிரி. பின்வாசல்ல கொண்டு போய் வச்சிட்டேன்."

அடுப்புப் பக்கத்தில். மகள் ஃப்ரிட்ஜ் கதவைச் சாத்திவிட்டு எழுந்தாள்.

முன்னறையில் அப்பா கட்டிலில் கிடந்தார். நேற்று மாலை குளித்துவிட்டு வந்தவர், தலை துவட்டிக்கொண்டே நாற்காலியில் உட்கார்ந்தார். அவ்வளவுதான். துண்டு கையிலேயே இருந்தது.

திரைப்படக் காப்பகத்தில் பழைய சுருள்களைத் துடைப்பதும் அறுந்ததை ஒட்டுவதும் அப்பாவின் வேலை. அந்த டப்பாவுக்குள் இருந்தது ஒரு பேசாப் படத்தின் கடைசிச் சுருள். நாட்டின் விடுதலைப் போராட்டத்தைப் பற்றிய படம், மொத்தம் ஆறு ரீல். ஐந்தைப் புதிதாக நகலெடுத்துவிட்டார்கள். ஆறாவது இற்றுப்போய், சுற்றுக்குச் சுற்று ஒட்டிக்கொண்டு கிடந்தது. அந்தக் காலத்துச் சுருளும் வெடிமருந்தும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள். இற்றுப்போனதற்கு வெயில் சூடே போதும், தானாகப் பற்றிக்கொள்ளும். பற்றினால் தண்ணீருக்குள் முக்கினாலும் அணையாது. எரித்துவிடச் சொன்னார்கள். எரித்துவிட்டதாக அப்பா சொன்னார். தோள்பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார்.

வேதியியல் படித்த மகள் கண்டுபிடித்துச் சண்டை போட்டாள்.

"அஞ்சாவது ரீல் முடியறப்ப கொடி பாதிக் கம்பத்துல நிக்குதும்மா. மிச்சம் இதுக்குள்ள இருக்கு. அத எப்படி எரிக்கிறது?" என்றார் அப்பா.

"அப்ப குளிர்ல வைங்க" என்றவள் அவள்தான். அம்மாவிடம் இரண்டு பேரும் சேர்ந்து ஒரே பொய்யைச் சொன்னார்கள்: ஆபீஸ் மருந்து, தொடக் கூடாது. "ஏன், உங்க ஆபீசுக்கு ஒரு ஃப்ரிட்ஜ் வாங்க வக்கில்லையா?" என்று அம்மா காய்கறிப் பையைக் கையில் வைத்துக்கொண்டு வருஷக்கணக்காக முணுமுணுத்தாள்.

பின்வாசலில் வெயில் கொளுத்தியது. அத்தையின் கணவர் படியில் உட்கார்ந்து சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தார். டப்பா இல்லை.

"மாமா, முதல்ல அத அணைங்க."

"அப்பாவத் தூக்கற அன்னைக்குக்கூட என் சிகரெட்டுதான் உன் கண்ண உறுத்துதா?"

"இங்க ஒரு டப்பா இருந்துச்சா?"

"அதுவா? சாம்பல் தட்ட வாகா இருக்கேன்னு இழுத்தேன். உங்கம்மா எங்கிருந்தோ வந்து வெடுக்குன்னு பிடுங்கிட்டுப் போயிட்டாங்க. துக்கத்துல இருக்காங்க, நான் எதுவும் பேசல."

படியின் சிமெண்டில் சாம்பல் துணுக்குகள் கிடந்தன. அவள் அவற்றைப் பார்த்தபடியே உள்ளே ஓடினாள். அம்மா எங்கே வைத்திருப்பாள்? மொட்டை மாடியிலா, துணி துவைக்கும் இடத்திலா? ஒன்றுமே தெரியாமல் வெயிலில் வீசியிருந்தால்? சத்தம் போட்டுக் கேட்டால் அப்பாவின் பெயர் போகும். கேட்காவிட்டால் வீடே போகும்.

அம்மா கட்டிலின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். எதிரே பிளாஸ்டிக் நாற்காலியில் காப்பகத்தின் மேலாளர்.

"எங்க கிடங்குல ஒரு துண்டு ஃபிலிம் காணாமப் போனதில்லம்மா. சாரோட கை அப்படி" என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தார். "அந்தக் கொடி ரீல எரிக்கச் சொன்ன பாவி நான்தான். அதுக்கப்புறம் என்னைப் பார்க்கறப்பல்லாம் சொல்வாரு, 'சார், ஊருக்கெல்லாம் விடுதலை வந்தாச்சு, நம்ம கிடங்குக்கு மட்டும் இன்னும் வரல'ன்னு."

சொல்லிவிட்டுச் சிரிக்கப் பார்த்தார். முடியவில்லை.

மகள் அம்மாவின் பக்கத்தில் குனிந்தாள். "அம்மா, அந்த..."

"ஐஸ் போதுமான்னு பாரு" என்றாள் அம்மா.

கட்டிலிலிருந்து தொங்கிய விரிப்பை மகள் மெல்லத் தூக்கினாள். அடியில் அகலமான இரண்டு தொட்டிகளில் ஐஸ் கட்டிகள். அவற்றுக்கு நடுவே, பிளாஸ்டிக் பையில் சுற்றி, மேலே அப்பாவின் துண்டைப் போட்டு இறுக்கிக் கட்டிய வட்டமான ஒன்று. அம்மா போடும் முடிச்சு. வீட்டிலேயே குளிர்ந்த இடம் அப்பாவுக்குக் கீழேதான் இருந்தது.

"போதுமா?"

"போதும்மா." விரிப்பை அவள் இன்னும் விடவில்லை. "உனக்கு எப்பத்துலேர்ந்து..."

"அந்த ஃப்ரிட்ஜத் துடைக்கிறவ யாரு?" என்றாள் அம்மா உதடு அசையாமல். "மூடு."

ஐஸ் உருகிய தண்ணீர் விரிப்புக்கு அடியிலிருந்து கோடாகக் கிளம்பி மேலாளரின் பாதத்தைத் தொட்டது. அவர் குனிந்து காலை இழுத்துக்கொண்டார். குனிந்தவர் நிமிரவில்லை. மூக்கு ஒருமுறை விடைத்தது. ஆயுள் முழுக்கச் சுருள்களோடு வாழ்ந்த மூக்கு.

அவர் விரிப்பைப் பார்த்தார். பிறகு அப்பாவின் முகத்தை. பிறகு அம்மாவை. அம்மா கண்ணை விலக்கவில்லை.

அந்த நேரம் பார்த்து மாமா புதிதாக ஒரு சிகரெட்டைப் பற்றவைத்தபடி வாசலில் தலையை நீட்டினார். "வண்டி வந்தாச்சு..."

"உள்ள வராதீங்க!" மேலாளர் துள்ளி எழுந்த வேகத்தில் நாற்காலி கவிழ்ந்தது. "அத வெளிய கொண்டு போங்க. தெருவுக்குக் கொண்டு போங்க சார்!"

மாமா மிரண்டு போய்ப் பின்வாங்கினார். "இந்த வீட்ல எல்லாருக்கும் என் சிகரெட்டுதான்" என்று அவர் புலம்புவது கேட்டது.

தூக்குவதற்கு ஆட்கள் வந்தார்கள். விரிப்பு நகர்ந்தது. மேலாளர் சட்டென்று கட்டிலுக்கு இந்தப் பக்கம் வந்து, அதற்கு முதுகைக் காட்டி அகலமாக நின்றார். "இங்க ஈரம், வழுக்கும். அந்தப் பக்கமாத் தூக்குங்க."

அப்பா வாசலைத் தாண்டினார். அழுகைச் சத்தம் அவர் பின்னாலேயே தெருவுக்குப் போனது.

மேலாளர் அம்மாவிடம் மெதுவாகக் கேட்டார். "இங்க கரண்ட் அடிக்கடி போகுமாம்மா?"

"போகாது."

"போனா சொல்லி அனுப்புங்க. ஆபீஸ்ல சின்ன ஜெனரேட்டர் ஒண்ணு சும்மாதான் கிடக்கு."

அம்மா தலையசைத்தாள். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே வெளியே போனார்.

தெருவில் வண்டி ஹாரன் அடித்தது. "ஒரு நிமிஷம் நிக்கச் சொல்லு" என்று அம்மா குனிந்து டப்பாவை எடுத்தாள். துண்டால் ஈரத்தை ஒற்றினாள். சமையலறையில் மகள் பால் பாக்கெட்டுகளை வாரி வெளியே வைத்தாள்.

"பாலெல்லாம் கெட்டுப்போயிடும் அண்ணி" என்றாள் அத்தை.

"போகட்டும்."

அம்மா டப்பாவைக் கீழ்த்தட்டில் வைத்துக் கதவைச் சாத்தினாள். மறுபடியும் ஹாரன். கதவின் மேல் வைத்த உள்ளங்கையை அவள் எடுக்கவில்லை. மகளும் பக்கத்திலேயே நின்றாள், உள்ளே மோட்டார் ஓடத் தொடங்கும் வரை.