வாளியில் ஓடிய ஆறு

கேமராக்காரிக்குச் செய்தி போனில் வந்தது. அவளுடைய முதல் ஆவணப்படத்தை மறுபடி திரையிடப் போகிறார்கள். படம் பிழைத்துக்கொண்டது, ஒலிச்சுருள்தான் பூஞ்சை பிடித்துப் போய்விட்டது.

"கவலைப்படாதீங்க மேடம். ஆத்துச் சத்தம் எங்ககிட்ட ரெடிமேடா நிறைய இருக்கு, போட்டுடலாம்," என்றார் திரைப்படக் காப்பகத்துக்காரர்.

ஒரு காகித ஆலையும் அதன் முதுகுப்பக்கம் ஓடிய ஆறும்தான் அந்தப் படம். பிறகு சுரங்கம், உப்பளம், சாயப்பட்டறை என்று எவ்வளவோ எடுத்தாள். இருந்தும் அவளை நாலு பேருக்குத் தெரியவைத்தது அந்த ஆறுதான். அதில் போய் யாரோ விற்ற தண்ணீர் ஓடுவதா?

நேரே அக்கா வீட்டுக்குப் போனாள். முழங்கால் மக்கர் செய்யும்வரை, மைக்கும் கையுமாகத் தங்கை பின்னால் அலைந்த ஒலிப்பதிவாளர் அக்காதான்.

"நிஜ ஆத்துக்கே போய் எடுத்துட்டு வந்துடலாம்க்கா. இப்பதான் ஆலையை மூடிட்டாங்களே."

"நிஜ ஆறா? அடிப்போடி! அந்தப் படத்துல என்னைக்கு நிஜ ஆறு ஓடுச்சு?"

இருவருக்கும் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அன்று கரையில் மைக்கை எங்கே வைத்தாலும் ஆலையின் இரைச்சல்தான் விழுந்தது. கடைசியில் வீட்டுக் குளியலறையில், வாளித் தண்ணீரை அக்கா கையால் அளைய அளைய, தங்கை மைக்கைப் பிடித்தாள். நடுவில் அம்மா கதவைத் தட்டினாள். "எவ்வளவு நேரம்டி உள்ள? தண்ணி என்ன சும்மாவா வருது?" ஏச்சை வெட்டிவிட்டார்கள். தட்டிய சத்தம் மட்டும் ஆற்றோடு கலந்து உள்ளேயே தங்கிவிட்டது. விழாவில் ஒரு நடுவர் அதை ஆலையின் இதயத்துடிப்பு என்று புகழ்ந்தபோது இருவரும் நாக்கைக் கடித்துக்கொண்டார்கள்.

"வாளி இருக்கு. கையும் ஏதோ ஓடுது," என்று அக்கா எழுந்தாள்.

குளியலறையில் மைக்கை முக்காலியில் கட்டினார்கள். அக்கா தண்ணீரை அளைந்தாள். முதலில் சலசலப்பு, அப்புறம் பாறையில் மோதும் ஒலி. கேமராக்காரி கண்ணை மூடினாள். ஹெட்போனில் அதே ஆறு. ஆனாலும் ஏதோ ஒன்று குறைந்தது. அக்காவும் கையை நிறுத்திவிட்டுக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தட்டுறதுக்கு ஆள் இல்லையேடி."

தங்கை ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு வெளியே போய்க் கதவைச் சாத்தினாள். உள்ளே மறுபடி ஆறு ஓடத் தொடங்கியது. அம்மா விரலை மடக்கித் தட்டமாட்டாள், உள்ளங்கையால் அறைவாள். தங்கையும் அப்படியே அறைந்தாள்.

"இதோ முடிஞ்சிடுச்சும்மா!" என்றது உள்ளேயிருந்து அக்காவின் குரல், பழக்கத்தில்.

தண்ணீர்ச் சத்தம் நின்றது. பதிவுக் கருவி ஓடிக்கொண்டே இருந்தது.