முறைத் தண்ணீர்

கிணறு பொது, முறை தனித்தனி. எங்கள் முறை செவ்வாய்க்கிழமை காலை எட்டிலிருந்து பத்து வரை. அந்த நேரத்தில் வீட்டு ஆள் ஒருவர் மண்வெட்டியோடு வாய்க்காலில் நிற்க வேண்டும். இல்லையென்றால் தண்ணீர் அடுத்த வயலுக்குப் போய்விடும். அடுத்த வயல் என் கணவரின் அண்ணனுடையது.

கணவருக்குக் கால் முறிந்து மாவுக்கட்டு. பார்க்க வந்த அந்த அண்ணன், எங்கள் வீட்டுப் பெரியவர், "இந்த வருஷம் உங்க வயலையும் நானே பாத்துக்கிறேன். பொம்பளையால தண்ணி பாய்ச்ச முடியுமா?" என்றார். என் வீட்டுக்காரரும் படுத்த இடத்திலிருந்தே தலையை ஆட்டினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"கத்தரி நாத்து நட்டது நான். வாடிப்போச்சுன்னா வயல எடுத்துக்கோங்க மாமா" என்றேன். வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்வது எனக்குக் கைவந்த கலை.

செவ்வாய் எட்டு மணிக்கு மடையை வெட்டிவிட்டேன். ஒன்பதாகியும் வயலில் கால்வாசிகூட நனையவில்லை. பெரியவரோ தன் வரப்பில் உட்கார்ந்து சாவகாசமாகப் பல் குத்திக்கொண்டிருந்தார். அந்த நிம்மதிதான் எனக்கு உறுத்தியது. ஓடிப்போய்ப் பார்த்தால், பொது வரப்பில் எலி வளை. என் தண்ணீரெல்லாம் அவர் வயலுக்குள் போய்க்கொண்டிருந்தது. தண்ணீர் விடும் முன் வரப்பைச் சுற்றிப் பார்க்க வேண்டும் என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். வீம்பில் நான் மறந்துவிட்டேன். அவமானத்தில் முகம் சுட்டது.

தலைத் துண்டை அவிழ்த்து வளைக்குள் திணித்தேன். மேலே சேற்றை அப்பி, மிதி மிதியென்று மிதித்து அடைத்தேன்.

பத்து அடித்ததும் அவர் மண்வெட்டியோடு வந்தார். "நேரமாச்சும்மா. நகரு."

"ஒரு மணி நேரம் என் தண்ணி உங்க வயலுக்குப் போயிருக்கு மாமா. பதினொன்னு வரைக்கும் எனக்குத்தான்."

"வளைய அடைக்காதது உன் தப்பு."

"என் தப்புதான். பாத்துக்கிட்டே சும்மா இருந்தது யார் தப்பு?"

பக்கத்தில் களையெடுத்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். நான் மடைவாயில் காலை ஊன்றி நின்றேன். நகரவில்லை. முணுமுணுத்துக்கொண்டே அவர் வரப்பில் போய் உட்கார்ந்தார்.

பதினொன்றுக்குக் கடைசிப் பாத்தியும் நிறைந்தது. நானே மடையை அவர் பக்கம் திருப்பிவிட்டேன்.

"சாயங்காலம் வந்து உன் புருஷன்கிட்ட பேசிக்கிறேன்" என்றார்.

"வாங்க மாமா. கால் எப்படி இருக்குன்னு அவர்கிட்ட கேளுங்க. வயலப் பத்தின்னா என்கிட்ட பேசுங்க."