மரணவீட்டுக்கு வந்த மேயர்

சான் ரொகேலியோவில் ஒரு மேயர் எத்தனை பாலம் கட்டினார் என்று யாரும் கேட்பதில்லை. எத்தனை மரணவீட்டுக்குப் போனார் என்றுதான் கேட்பார்கள். பிலிப்பீன்ஸின் அந்தச் சிறு நகரத்தில் எர்லிண்டா மாக்பந்தாய் கவுன்சிலராகி, துணை மேயராகி, பிறகு சட்டம் அனுமதித்த மூன்று தவணையும், ஒன்பது வருடம், மேயராக இருந்தவர். சவப்பெட்டி வைத்திருக்கும் வீட்டுக்கு ஒரு பெரிய தட்டு நூடுல்ஸோடு போவார். சீட்டாடியபடி பிணத்துக்குத் துணையிருப்பவர்களோடு தானும் உட்கார்ந்துவிடுவார்.

ஒரு தவணை பொறுத்திருந்து மறுபடி நிற்கலாம் என்று இருந்தபோது கணவரின் அண்ணன் வந்தார். "இனி என் மகன் இருக்கட்டும். நீ ஒதுங்கு" என்றார். குடும்பத்துக்குள் சண்டை எதற்கென்று எர்லிண்டா ஒதுங்கினார். நியூசிலாந்தில், ஆக்லாந்தில் மகள் இருந்தாள். அங்கே வந்து, ஒடாஹுஹுவில் ஒரு முதியோர் இல்லத்தில் பராமரிப்பாளராகச் சேர்ந்தார். கூட வேலைசெய்தவர்கள் அவரை 'மேயர்' என்றே கூப்பிட்டார்கள். கேலிதான். குடியுரிமை கிடைத்து, 2016இல் லோக்கல் போர்ட் எனும் உள்ளூர்ச் சபைத் தேர்தலில் நின்றதும் கேலி கொஞ்சம் அடங்கியது.

வாக்குச்சீட்டுகள் தபாலில் வீடுகளுக்கு வரத் தொடங்கிய வாரம், இல்லத்துச் சலவைப் பிரிவில் வேலைசெய்யும் புஷ்பவதியின் கணவர் சதாசிவம் மாரடைப்பில் போய்விட்டார். பழக்கம் விடுமா? எர்லிண்டா தட்டு நிறைய நூடுல்ஸ் செய்து, மேலே பன்றி இறைச்சியைத் தூவி எடுத்துக்கொண்டு போனார். சட்டையில் தேர்தல் பட்ஜ், தன் பெயர் போட்ட சின்னம்.

அது யாழ்ப்பாணத்துச் சைவக் குடும்பம். சாவுத் துடக்குக் கழியும்வரை மச்சம், அதாவது மீனோ இறைச்சியோ, வாசலைத் தாண்டாது. புஷ்பவதியின் தம்பி ஜெயரட்ணம் மூடியைத் தூக்கிப் பார்த்தார். மூடினார். தட்டைக் கராஜுக்குள் கொண்டுபோய் வைத்தார். அதற்குள் யாரோ, பட்ஜோடு தட்டை ஏந்தி நின்ற எர்லிண்டாவைப் படம் எடுத்து ஃபேஸ்புக்கில் போட்டுவிட்டார்கள்.

எதிர்த்து நிற்பவரின் பிரசாரத்தைக் கவனிக்கும் கிரெய்க், முதியோர் இல்லத்துக் கார் நிறுத்துமிடத்தில் எர்லிண்டாவுக்காகக் காத்திருந்தார்.

"வாக்காளருக்குச் சாப்பாடு கொடுத்து வாக்குச் சேர்ப்பது இங்கே குற்றம், எர்லிண்டா. உங்கள் ஊர் வழக்கம் வேறாக இருக்கலாம். வியாழக்கிழமை வேட்பாளர் கூட்டத்தில், எனக்குப் போடாதீர்கள், நான் ஒதுங்குகிறேன் என்று சொல்லிவிடுங்கள். அப்படிச் சொன்னால் நாங்கள் போலீசுக்குப் போகமாட்டோம்."

குரல் மரியாதையாகத்தான் இருந்தது. அன்று ஒதுங்கச் சொன்ன கணவரின் அண்ணனின் குரலும் அப்படித்தான் இருந்தது.

அன்று வேலை முடிந்ததும் எர்லிண்டா புஷ்பவதியின் வீட்டுக்குப் போனார். கதவைத் திறந்த ஜெயரட்ணம் அவருடைய கைகளைப் பார்த்தார்.

"மேயர், இண்டைக்கு என்ன? கோழியோ?"

"தம்பி, சும்மா இரு" என்று உள்ளேயிருந்து புஷ்பவதியின் குரல் வந்தது.

எர்லிண்டா உள்ளே போய், நின்றபடியே மன்னிப்புக் கேட்டார்; கிரெய்க் சொன்னதையும் சொன்னார். புஷ்பவதி உட்காரச் சொல்லவில்லை.

"பண்டி தெரியாமக் கொண்டுவந்தது. அது போகட்டும். ஆனா அந்த பட்ஜ்? ஒரு நாளைக்குக் கழட்டியிருக்கலாமே?"

"கழற்றியிருக்கலாம்."

"படம் எடுத்தவனும் என்னைக் கேக்கேல்லை. புகார் குடுக்கப் போறவனும் கேக்கேல்லை. என்ர மனுசன்ர சாவை ஆளாளுக்குத் தேர்தல் நோட்டீஸ் ஆக்கிறியள்." கணவரின் படத்தருகே விளக்குத் திரியைத் தூண்டிவிட்டார். பிறகு, "கூட்டத்தில என்ன சொல்லப்போறியள்?" என்றார்.

"தெரியவில்லை."

"பயந்த ஆளுக்கு நான் வோட்டுப் போடமாட்டன்."

வியாழக்கிழமை மண்டபம் நிறைந்திருந்தது. கேள்வி நேரம் தொடங்கியதுமே பின்வரிசையில் ஒருவர் எழுந்து, அந்தத் தட்டு நூடுல்ஸைப் பற்றிக் கேட்டார். சிலர் சிரித்தார்கள். எர்லிண்டா ஒலிவாங்கியைக் கையில் எடுத்தார்.

"சைவ வீட்டுக்குப் பன்றி இறைச்சி கொண்டுபோனேன். துக்க வீட்டுக்கு பட்ஜோடு போனேன். இரண்டுக்கும் அந்த வீட்டாரிடம் மன்னிப்புக் கேட்டாயிற்று. உங்களிடம் கேட்க ஒன்றுமில்லை. அது வாக்குக்குப் போட்ட சாப்பாடு என்று நினைப்பவர்கள் போலீசுக்குப் போங்கள். வழி தெரியாவிட்டால் நானே கூட்டிப்போகிறேன்."

சிரிப்பு நின்றது.

"என் ஊரில் ஒரு தடவை ஒதுங்கச் சொன்னார்கள், ஒதுங்கினேன். ஒன்பது வருட உழைப்பு ஒரு பையன் கைக்குப் போனது. இந்த வாரமும் ஒதுங்கச் சொல்லியிருக்கிறார்கள். ஒதுங்கமாட்டேன். நான் வேண்டாமென்றால் வாக்குப் போட்டுத் தோற்கடியுங்கள். நாளைக்கு இந்தத் தொகுதியில் யார் இறந்தாலும் போவேன். இங்கே என்னை எதிர்ப்பவர்கள் வீட்டுக்கும் போவேன்."

கைதட்டல் பெரிதாக ஒன்றும் இல்லை. முன்வரிசையில் கிரெய்க் கைகளைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

கூட்டம் கலையும்போது ஜெயரட்ணம் ஆட்களை விலக்கிக்கொண்டு வந்தார். கிரெய்க்கின் பக்கத்தில் வந்து நின்றுகொண்டு, மண்டபத்துக்கே கேட்கிற ஆங்கிலத்தில் சொன்னார்:

"மேயர், அத்தான்ர துடக்குக் கழிக்கிற அந்தியேட்டிக்கு அக்கா உங்களை வரச் சொன்னவ. வெறுங்கையோட வாங்கோ, பட்ஜ் வேண்டாம். சாப்பாடு நாங்கள்தான் போடுவம். வாக்காளர் வேட்பாளருக்குச் சாப்பாடு போட்டால் அது என்ன குற்றம் எண்டு இந்த ஐயாவைக் கேட்டுச் சொல்லுங்கோ."

கிரெய்க்கின் காது சிவந்தது. எர்லிண்டா பட்ஜை நேராகக் குத்திக்கொண்டு அவர் பக்கம் திரும்பினார்.

"படமெடுக்க ஆள் அனுப்புங்கள்" என்றார். "நான் அங்கே இருப்பேன்."