அறுபது வாட்

கடைக்காரர் அவள் நீட்டிய பழைய பல்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அடுப்புக்கு மேலே இருக்கிற சிம்னிக்கு இருபத்தைந்து வாட் போதும், அதைத் தாண்டினால் மூடி உருகிவிடும், எண்ணெய்ப் பிசுக்கு படிகிற இடம், விளையாடக்கூடாது என்றார். அதோடு வாயை மூடிக்கொண்டிருக்கலாம்.

"சார் போன வாரமே இதேதான் வாங்கிட்டுப் போனாரே? பழைய பல்பக் கைக்குட்டையில சுத்திக் கொண்டுவந்து, சூடு தாங்குமா, கண்ணு கூசுமான்னு கேட்டு என்னை ஒருவழி பண்ணிட்டாரு."

அவளுக்குச் சுருக்கென்றது. போன வாரம் அவள் புருஷன் போனது அவருடைய அக்கா வீட்டுக்கு. அந்தக் கைக்குட்டையை இவள்தான் துவைத்தாள். பிசுக்கு போகவே இல்லை, வண்டிச் சங்கிலி மை என்று நினைத்துக்கொண்டாள். இங்கே வீட்டில் சிம்னிக்குள் இருக்கிற பல்பு போய் எத்தனையோ நாளாயிற்று. சட்டியில் இருப்பது வதங்கியதா கருகியதா என்று மோந்துதான் பார்க்கிறாள். மனுஷன் பக்கத்தில் வந்து தண்ணீர் குடித்துவிட்டுப் போவார். நாத்தனார் வீடு என்றால் மட்டும் கண் திறந்துவிடும்! அந்த நாத்தனார் நல்லவள் வேறு, சண்டை போடக்கூட வழியில்லை. வயிறு எரிந்தது, பொய் சொல்வானேன்.

இருப்பதிலேயே பெரிதாகக் கேட்டாள். சிம்னிக்கில்லை, வாசலுக்கு என்று சமாளித்து, அதே திருகில் அறுபது வாட் வாங்கிவந்தாள்.

சாயங்காலம் அடுப்படி கல்யாண வீடாக ஜொலித்தது. நாத்தனார் வீட்டில் இப்படி எரியுமா என்று அவளுக்கு ஒரே பூரிப்பு. குழம்பு கொதிப்பதற்குள் நாற்றம் கிளம்பியது. அடிப்பிடித்துவிட்டதென்று கிளறிக்கொண்டே இருந்தாள். விளக்கு மூடி நடுவில் தொங்கத் தொடங்கியதை உள்ளே வந்த அவர்தான் பார்த்தார். சுவிட்சை அணைத்தார், அடுப்பை அணைத்தார், துண்டைச் சுற்றிப் பல்பைக் கழற்றினார்.

"யாரு குடுத்தா இத?"

"நான்தான் கேட்டு வாங்கினேன். பாத்துப் பாத்து வாங்கறதெல்லாம் உங்க அக்காவுக்குத்தானே."

அவர் துண்டும் கையுமாக நின்றார். "அவ கேட்டா, போனேன். நீ ஒரு வார்த்தை சொன்னியா?"

"அவங்க வீட்டு இருட்டு சொன்னாத்தான் தெரியும். இது நீங்க தினமும் வந்து போற அடுப்படி."

அவர் சிம்னியின் வலையைக் கழற்றிவிட்டு, உள்ளே ஒட்டியிருந்த வாட் அளவுச் சீட்டின் பிசுக்கைக் கட்டைவிரலால் தேய்த்துப் படிக்கப் பார்த்தார். அவர் தலையே வெளிச்சத்தை மறைத்தது.

"ஒண்ணும் தெரியல. கொஞ்சம் வெளிச்சம் காட்டேன்" என்றார்.

அவள் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.