படத்தொகுப்பு: அண்ணன்

தம்பி ஒற்றை ஆளாகப் படம் எடுப்பவன். கதை எழுதுவான், கேமரா பிடிப்பான், படத்தைத் தொகுப்பான், இசை போடுவான், ஆள் கிடைக்காவிட்டால் மீசை ஒட்டிக்கொண்டு தானே நடிப்பான். பேய்ப்படம், சிரிப்புப்படம், ஆவணப்படம் எதையும் விட்டுவைத்ததில்லை. ஆனால் டைட்டில் முழுக்க ஒரே பெயர் ஓடினால், நாதியற்றவன் என்று விழாக்காரர்கள் நினைப்பார்களாம். அதனால் டைட்டிலில் மட்டும் சொந்தபந்தங்களுக்கு ஆளுக்கொரு வேலையைப் பங்குபோட்டுவிடுவான். ஒலிப்பதிவு மச்சான், உடைகள் அத்தை, படத்தொகுப்பு அண்ணன்.

அண்ணனுக்கு இது தெரியாது. சினிமா பக்கம் தலைவைத்தும் படுக்காதவர். நீதிமன்றத்தில் சாட்சிகளுக்குச் சத்தியப்பிரமாணம் செய்துவைத்து ஓய்வு பெற்றவர். குடும்பத்தின் பெயருக்கு அவர்தான் காவல். அன்று காலை திரைப்பட விழாவில் தம்பியின் படத்தைப் பார்த்தவர், கடைசிக் காட்சியில் அப்பாவின் காலி நாற்காலியைக் கண்டதும் கண் கலங்கி, டைட்டில் வரும் முன்பே வெளியே வந்துவிட்டார்.

மதியம் பரிசளிப்பு. சிறந்த படத்தொகுப்புக்கு அவர் பெயரைக் கூப்பிட்டார்கள்.

"என்னை ஏன்டா கூப்பிடுறாங்க?"

தம்பி வெளிறிப்போனான். "நான்தாண்ணே உங்க பேரைப் போட்டேன். மேடைக்குப் போங்க. டைட்டில்ல பொய்னு தெரிஞ்சா படத்தையே தள்ளிடுவாங்க. தியேட்டர்ல போட ஒத்துக்கிட்டவர் பின்னாடிதான் உட்கார்ந்திருக்கார். இத்தனை வருஷத்துல இதாண்ணே முதல் தியேட்டர்."

"நம்ம குடும்பத்துல எவன்டா அடுத்தவன் உழைப்புக்குக் கை நீட்டியிருக்கான்?"

"போடா பெரியவனே," என்றாள் அத்தை. "ஊசியில நூல் கோக்கத் தெரியாத என்னைத் துணிமணிக்குப் போட்டிருக்கான். என்னைக் கூப்பிட்டிருந்தா ஓடியே போயிருப்பேன்."

போனார். அறிவிப்பாளர் மைக்கை நீட்டினார். "அந்தக் காலி நாற்காலியை அவ்வளவு நேரம் திரையில விட்டுவச்சீங்களே, எப்படித் தோணுச்சு?"

எத்தனையோ பேரைக் கூண்டில் ஏற்றி, உண்மையைத் தவிர வேறெதுவும் சொல்ல மாட்டேன் என்று சொல்லவைத்தவர், பொய்யில்லாத ஒரு வாக்கியத்தைத் தேடிப் பிடித்தார்.

"அது எங்க அப்பா நாற்காலி. எடுக்க யாருக்கும் மனசு வரல."

அரங்கம் அதிரக் கைதட்டியது.

கீழே இறங்கியதும் தியேட்டர்காரர் அவர் கையைப் பற்றிக்கொண்டார். "சொல்றேன்னு தப்பா நினைக்காதீங்க சார். உங்க தம்பி எல்லாத்துலயும் கை வைக்கிறார், எதுலயும் ஆழமில்ல. உங்க கைதான் படத்தைக் காப்பாத்தியிருக்கு."

பக்கத்திலேயே நின்றிருந்தான் தம்பி. அண்ணன் வாயைத் திறந்தார். அவன் முந்திக்கொண்டான்.

"நிஜம்தான் சார்," என்று சிரித்தான். "அண்ணன் இல்லேன்னா நான் ஒண்ணுமே இல்ல."

எந்தச் சபையிலும் குனியாத அண்ணன், தலை குனிந்து, கேடயத்தில் பொறித்திருந்த தன் பெயரையே பார்த்துக்கொண்டு நின்றார். அதில் ஓர் எழுத்துகூடத் தப்பாக இல்லை.